அந்தச் செக் கைமாறிய இடம்

தம்பி,

இதற்கு முன் நான் உனக்கு அனுப்பிய ஒரே காகிதம் ஒரு ரிஜிஸ்தர் நோட்டீஸ். கோர்ட்டில் பொய்ச் சாட்சி சொன்னதற்காக உன் மேல் ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று பதினைந்து நாளில் பதில் சொல்லும்படி அதில் கேட்டிருந்தேன். நீ பதில் எழுதவில்லை. கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டாய் என்பதற்கு அத்தாட்சியாகத் தபால்காரர் ஓர் அட்டை கொண்டுவந்து கொடுத்தார். அதைக் கேஸ் கட்டில் கோத்து வைத்தேன். இரண்டு நாள் கழித்துப் பார்த்தால் கட்டில் இல்லை. உன் அம்மா எடுத்துச் சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருந்தாள். ஏன் எடுத்தாய் என்றேன். "புள்ள கையெழுத்து இருக்குது, இருக்கட்டும்" என்றாள்.

இந்தக் காகிதத்துக்குப் பதில் வேண்டாம். காலை பஸ்ஸில் பெரம்பலூர் வந்து, கடைத்தெருச் சத்திரத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன். நீ பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்திக்கொண்டிருக்கும் நேரம் இது. எழுதி முடித்ததும் நானே கொண்டுவந்து உன் கையில் கொடுக்கப்போகிறேன். தபாலில் போடாததற்குக் காரணம் உண்டு. அதைக் கடைசியில் சொல்கிறேன். படித்தபின் இதைப் பெட்டியில் வைத்துப் பூட்டாதே. செட்டிகுளத்தில் உனக்குப் பெண் கொடுக்க இருந்தவரிடம் கொண்டுபோய்க் கொடு. அவர் தம் ஊரில் யார் யாருக்குப் படித்துக் காட்ட விரும்புகிறாரோ காட்டட்டும். உன்னைப் பற்றி நான் சந்தையில் நின்றுதான் பேசினேன். அதைத் திரும்ப வாங்குவது மட்டும் எப்படி ரகசியமாக இருக்க முடியும்?

அவர் போன புதன்கிழமை நம் வீட்டுக்கு வந்தார். நீ சொல்லி வரவில்லை என்று தெரிந்தது; தானாகவே வந்திருந்தார். உட்காரச் சொன்னேன், உட்கார்ந்தார். உன் அம்மா மோர் கொண்டுவந்து வைத்தாள். அவர் டம்ளரைத் தொடாமல் என்னைப் பார்த்து, "தப்பா எடுத்துக்காதீங்க. மாப்பிள்ளைப் பையனப் பத்திப் பெரம்பலூர்ல ஒரு குறை என் காதுல வுழல. அரியலூர் சந்தையிலதான் ஒரு பேச்சு கேட்டேன். எதிராளி கிட்ட காசு வாங்கிக்கிட்டு, பெத்த அப்பனுக்கு எதிரா கூண்டுல ஏறினவன்னு சொல்றாங்க. பெத்தவரு நீங்க இருக்கறப்ப வேற யாரப் போயி கேக்கறது? நெசமாங்க?" என்றார்.

கண்ணியமாகக் கேட்டார். உண்டு, இல்லை என்று ஒரு சொல் போதும். நான் வாசலைப் பார்த்துக்கொண்டு, "உங்க பொண்ணு, உங்க யோசனை" என்றேன். அவர் கொஞ்ச நேரம் காத்திருந்தார். பிறகு துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "அப்ப சரிங்க" என்று எழுந்து போய்விட்டார். மோர் அப்படியே இருந்தது. அந்தச் சந்தைப் பேச்சை முதலில் பேசியவன் யார் என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் நான் சொல்லியிருப்பேனா என்று எனக்கே தெரியவில்லை.

அது முழுக்க என் வாயிலிருந்து வந்த பேச்சு. அதில் ஒரு சொல்லும் உண்மை இல்லை. இதை முதலில் எழுதிவிட்டேன். இனி நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன். உனக்குத் தெரிந்ததுதான் பாதி. ஆனாலும் செட்டிகுளத்துக்காரருக்கு முழுதும் தெரிய வேண்டும். உனக்குத் தெரியாத மீதியும் ஒன்று இருக்கிறது.

யுத்தம் நடந்துகொண்டிருந்த வருஷம். நமக்குக் கடலை நன்றாக விளைந்தது. உள்ளூர் வியாபாரிகள் சொன்ன விலை எனக்குப் பிடிக்காமல், மூட்டைகளை ரயிலேற்றி விருத்தாசலத்து மண்டிக்கு அனுப்பினேன். நீயும் என்னோடு வந்தாய். பத்தாவது முடித்துவிட்டு வீட்டில் இருந்தாய். உனக்கு இங்கிலீஷ் படிக்க வரும் என்பதில் எனக்கு வெளியே காட்டாத பெருமை. எடை போட்டு முடிந்ததும் மண்டிக்காரர் ரூபாயாகக் கொடுக்காமல் ஒரு நீளமான காகிதத்தை என் கையில் வைத்தார். நான் அதற்கு முன் செக் பார்த்ததில்லை. "நோட்டு கெடைக்கிற காலமா இது பெரியவரே? தேதி போட்டிருக்குது, பத்து நாள் களிச்சு இந்த ஊரு பாங்கியிலயே காட்டுங்க, எண்ணி வெச்சுருவான்" என்றார். நான் அதை உன்னிடம் கொடுத்தேன். நீ எழுத்தெழுத்தாகப் படித்து, "நம்ம பேருதாங்கப்பா. தொகையும் சரிதான்" என்றாய். கல்லா மேசைக்கு முன்னால் நான் நின்றேன், நீ என் வலப்பக்கம் நின்றாய், ஒரு பெரிய தராசு எனக்குப் பின்னால் தொங்கியது. எனக்கு எல்லாம் ஞாபகம் இருக்கிறது, தம்பி. இதை நீ குறித்துக்கொள்.

பத்து நாள் கழித்துப் போனோம். பாங்கியில் செக்கை உள்ளே வாங்கிக்கொண்டு போனவர், சிறு துண்டுச் சீட்டு ஒன்றை அதில் குத்தித் திருப்பிக் கொடுத்தார். நீ படித்துவிட்டுக் கொஞ்சம் தயங்கினாய். "குடுத்தவரையே கேட்டுக்கணும்னு போட்டிருக்குதுங்க." கொடுத்தவரையே கேட்கப் போனோம். முதல் முறை உட்கார வைத்துக் காப்பி வாங்கிக் கொடுத்தார். அடுத்த முறை நாளைக்கு என்றார். இப்படியே இரண்டு வருஷம் என்னை அலைய விட்டார். கடைசியாகப் போனபோது, கல்லாவில் உட்கார்ந்தபடியே, நாலு வியாபாரிகள் எதிரே, "கோர்ட்டுக்குப் போறதுன்னா போங்க. இதோ, ரெண்டு தெரு தாண்டினா கோர்ட்டு. வளி தெரியலன்னா கூட ஆள் அனுப்பறேன். கோமணத்தோட வராம வேட்டி கட்டிக்கிட்டு வாங்க" என்றார். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். நீயும் அங்கே இருந்தாய். நீ தலையைக் குனிந்துகொண்டாய். எனக்காகக் குனிந்தாயா, என்னால் குனிந்தாயா என்று ரயிலில் வரும்போதெல்லாம் யோசித்தேன்.

அந்தச் சிரிப்புதான் என்னைக் கெடுத்தது. எனக்கு அந்தப் பணம் வேண்டும். ஆனால் அதைவிட, அந்த ஆள் அரியலூர் ஸ்டேஷனில் இறங்கி, வெயிலில் நடந்து, என் ஊர் கோர்ட்டு வராந்தாவில் காத்துக் கிடக்க வேண்டும் என்று தோன்றிவிட்டது. சட்டம் எனக்குத் தெரியாததல்ல. எனக்கு யாரும் எழுத்து சொல்லித் தரவில்லை. கடைத்தெருவில் பெயர்ப் பலகைகளைப் பார்த்தும், பொட்டலக் காகிதங்களைப் பிரித்தும் நானாகக் கற்றுக்கொண்டேன். திருச்சியில் பழைய புத்தகக் கடையில் வாங்கிய தமிழ்ச் சட்டப் புத்தகத்தை வைத்துக்கொண்டு வாய்க்கால் வழக்கு ஒன்றை வக்கீல் இல்லாமலே ஜெயித்தேன். அன்றிலிருந்து எனக்குப் புத்தகத்தின் மேல் இருந்த மரியாதை குறைந்து, என் மேல் கூடிவிட்டது. புத்தகத்தில் தெளிவாகவே போட்டிருந்தது: பிரதிவாதி எங்கே குடியிருக்கிறாரோ, அல்லது விவகாரம் எங்கே நடந்ததோ, அந்த இடத்துக் கோர்ட்டில்தான் பிராது கொடுக்க வேண்டும். மண்டிக்காரர் குடியிருப்பது விருத்தாசலம். கடலையை நிறுத்தது விருத்தாசலம். செக் கைமாறியதும், அது திரும்பியதும் விருத்தாசலம். அரியலூருக்கும் அந்த விவகாரத்துக்கும் இருந்த ஒரே சம்பந்தம் என் ரோஷம்.

ஆகவே ஒரு வரியை மாற்றினேன். மண்டிக்காரர் நம் வீட்டுக்கே வந்து சரக்கைப் பார்த்து விலை பேசியதாகவும், நம் வீட்டில் வைத்தே செக்கைக் கொடுத்ததாகவும் பிராதில் எழுதினேன். கடனைப் பற்றி ஒரு பொய்யும் எழுதவில்லை. அவர் கொடுக்க வேண்டியது அத்தனையும் நிஜம். இடத்தை மட்டும்தானே மாற்றுகிறேன், யாருக்கு என்ன நஷ்டம் என்று நினைத்தேன். பிராதின் கடைசியில் ஒரு வாசகம் உண்டு. மேலே கண்ட சங்கதிகள் எல்லாம் நான் அறிந்த வரையில் நிஜம் என்று எழுதி, ஊரும் தேதியும் போட்டுக் கையெழுத்திட வேண்டும். நிறுத்தி நிதானமாக, என் நல்ல கையெழுத்தில் போட்டேன்.

பிராது கொடுப்பதற்குத் தொகைக்குத் தகுந்தபடி கோர்ட்டுக்கு ஸ்டாம்பு வாங்க வேண்டும். கையில் இருந்தது போதவில்லை. உன் அம்மா தன் இரண்டு தங்கக் காப்பையும் கழற்றிக் கொடுத்தாள். நான் கேட்கவில்லை என்று இத்தனை நாளும் எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். கேட்கவில்லைதான். அவள் எதிரே உட்கார்ந்துகொண்டு, "பணமில்லாதவனுக்கு நியாயம் ஏது" என்று மூன்று நாள் பேசிக்கொண்டிருந்தேன். அதற்குக் கேட்பது என்றுதான் பெயர். காப்பை விற்று ஸ்டாம்பு வாங்கினேன். கோர்ட்டில் பிராதை வாங்கிய குமாஸ்தா, ஒரு கருவியை எடுத்து, ஸ்டாம்பில் இருந்த ராஜா தலையின் மேல் வைத்து அழுத்தினார். தலை இருந்த இடத்தில் வட்டமாக ஓட்டை விழுந்தது. மறுபடி யாரும் அதைப் பயன்படுத்தாமல் இருக்க அப்படிச் செய்வது என்று சொன்னார். உன் அம்மாவின் காப்பு அந்த ஓட்டை வழியாகப் போய்விட்டது என்று எனக்கு அப்போது தோன்றியது. அந்த நினைப்பு பின்னால் என்னை எங்கே கொண்டுபோயிற்று என்று பார்.

மண்டிக்காரர் பதில் பத்திரிகை போட்டார். கடன் இல்லை என்று சொல்ல அவருக்கு வழியில்லை. இந்தக் கோர்ட்டுக்கு இந்த வழக்கை விசாரிக்க அதிகாரமே இல்லை, எல்லாம் விருத்தாசலத்தில் நடந்தது என்று மட்டும் சொல்லியிருந்தார். அன்று மத்தியானம் வராந்தாவில் அவருடைய வக்கீலின் குமாஸ்தா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். வெற்றிலைப் பெட்டியைத் திறந்து என் பக்கம் நகர்த்தினார். எதிராளியின் வெற்றிலை வேண்டாம் என்று நான் தள்ளி உட்கார்ந்தேன்.

"பெரியவரே, நான் சொல்றத கேளுங்க. எடம் தப்பாப் போச்சுன்னு ஒரு மனு எளுதிக் குடுத்துட்டு, பிராத திருப்பி வாங்கிக்கிட்டு விருத்தாசலத்துல போடுங்க. உங்க கடன் நெசம்னு எனக்கே தெரியும். எங்க கட்சிக்காரன் தாங்கமாட்டான்" என்றார்.

"ஏன்யா, அங்க மறுபடியும் ஸ்டாம்பு வாங்க உங்க கட்சிக்காரரு பணம் தருவாரா?"

"புதுசா எதுக்கு? இதே ஸ்டாம்பு அங்க செல்லும்."

"ராஜா தலையே போயிருச்சு. ஓட்ட வுழுந்தது எப்படிய்யா செல்லும்?"

அவர் மடியைத் தடவி, நடுவில் ஓட்டை போட்ட புதுக் காலணா ஒன்றை எடுத்துக் காட்டினார். "இது கடையில செல்லலியா?" என்று சொல்லி அவரே சிரித்தார். நான் சிரிக்கவில்லை. எதிராளியின் ஆள், என்னைத் தூண்டில் போட்டு இழுக்கிறான் என்று நினைத்தேன். நாலு அடி தூரத்தில் கோர்ட்டின் தலைமைக் குமாஸ்தா, சிரஸ்தார், உட்கார்ந்திருந்தார். எழுந்து போய் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். என் புத்தகத்தையாவது புரட்டியிருக்கலாம். எல்லாம் தெரிந்தவன் என்று பெயர் எடுத்த பிறகு, தெரியாது என்று ஒருவரிடம் போய் நிற்பதற்கு எனக்குக் கால் வரவில்லை. நீ வாத்தியார். உன்னிடம் பிள்ளைகள் கேட்பார்கள், உனக்குத் தெரியாததையும் கேட்பார்கள். தெரியாது, பார்த்துச் சொல்கிறேன் என்று அந்தச் சின்னப் பிள்ளைகளிடம் சொல்லிப் பழகு. எனக்கு அது வராமல் போனதால்தான் அடுத்த காரியத்தைச் செய்தேன்.

சாட்சிப் பட்டியலில் உன் பெயரை எழுதினேன். வீட்டுக்கு வந்து உன்னை உட்கார வைத்து, நான் கேள்வி கேட்க, நீ என்ன பதில் சொல்ல வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தேன். செக் எங்கே வைத்து வாங்கினோம்? நம்ம வூட்டுல. யார் யார் இருந்தார்கள்? நீங்க, நான், மண்டிக்காரர். நீ ஒன்றும் பேசவில்லை. திருப்பிச் சொல்லவும் இல்லை. அடுக்களையிலிருந்து உன் அம்மாதான் வந்தாள். "காப்பு போனா போவுது. என்னங்க, புள்ளய பொய் சொல்லச் சொல்லாதீங்க" என்றாள். "உன் காப்புக்காகத்தான்டி சொல்லச் சொல்றேன்" என்றேன். "நான் கேட்டனா?" என்றாள். வெறும் கையை நீட்டிக் காட்டினாள். காப்பு கிடந்த இடத்தில் தோல் மட்டும் வெளுத்திருந்தது. "ஓட்ட வுழுந்த காயிதத்துக்கு என் புள்ளய வெலயா வெக்காதீங்க." நான் எழுந்து வெளியே போய்விட்டேன். நீ பேசாமல் இருந்ததைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன். நீ எனக்கு யோசிக்க அவகாசம் கொடுத்திருக்கிறாய் என்று இப்போது தெரிகிறது.

அன்றைக்கு வண்டியில் இருவரும் ஒன்றாகத்தான் அரியலூர் போனோம். வழியில் நீ ஒரே ஒரு தடவை, "அப்பா, என்னக் கூப்புடாம இருந்தா முடியாதுங்களா?" என்று கேட்டாய். மாட்டை ஓட்டுகிற சாக்கில் நான் கேட்காத மாதிரி இருந்துவிட்டேன். எனக்கு வக்கீல் இல்லாததால் சாட்சியை நானே விசாரிக்க வேண்டும். நீ கூண்டில் ஏறிப் பிரமாணம் செய்தாய். பெட்டியில் மடித்து வைத்திருந்த சட்டையைப் போட்டிருந்தாய். காலர் பக்கம் உன் அம்மா தைத்த ஒட்டு தெரிந்தது. நான் கேட்டேன்: "பிரதிவாதி இந்தச் செக்கை எந்த இடத்தில் வைத்துக் கொடுத்தார்?" கோர்ட்டில் நான் பேச்சுத் தமிழ் பேசுவதில்லை.

"விருத்தாசலத்துலங்க. மண்டியில."

நான் காதில் விழாதவன் போல் மறுபடி கேட்டேன். "நன்றாக யோசித்துச் சொல்."

"யோசிச்சுத்தாங்கப்பா சொல்றேன். மண்டியிலதான் குடுத்தாங்க. நான்தான் படிச்சுக் காட்டினேன்."

முன்சீப் என்னைப் பார்த்து, "பெரியவரே, சாட்சியை மிரட்டாதீர்" என்றார். அதற்குள் எதிர் வக்கீல் எழுந்துவிட்டார். அவர் உன்னைக் கேட்ட கேள்வியும் நீ சொன்ன பதிலும் அன்று என் காதில் விழவில்லை. நான் கத்திக்கொண்டிருந்தேன். "இவன் என் புள்ளயே இல்ல! வெல போயிட்டான்! மண்டிக்காரன்கிட்ட வெல போயிட்டான்!" டவாலிச் சேவகர் என் தோளைப் பிடித்து உட்கார வைத்தார். வெளியே வந்ததும் உன்னை வண்டியில் ஏற விடவில்லை. நீ வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு பின்னாலேயே கொஞ்ச தூரம் நடந்து வந்தாய். திரும்பிப் பார்த்தபோது இல்லை. அப்படித்தான் நீ பெரம்பலூருக்குப் போனாய்.

பிராது திரும்பி வந்தது. வேறு வழியில்லாமல் அதை எடுத்துக்கொண்டு விருத்தாசலம் போனேன். மறுபடி ஸ்டாம்புக்கு என்று கடன் வாங்கி மடியில் முடிந்து வைத்திருந்தேன். அங்கே கோர்ட்டில் பிராதை வாங்கியவர் ராஜா தலை போன அந்த ஸ்டாம்பைப் பார்த்தார், தொகையைப் பார்த்தார், ஒரு குறிப்பு எழுதினார், உள்ளே வைத்துக்கொண்டார். நான் அங்கேயே நின்றேன். "இன்னும் என்னய்யா?" என்றார். "ஸ்டாம்பு?" என்றேன். "அதான் இருக்கே" என்றார். வராந்தாக் குமாஸ்தா சொன்னது நிஜம். காப்பு விற்ற பணம் எங்கேயும் போகவில்லை. எதைக் காப்பாற்றுவதற்காக உன்னைப் பொய் சொல்லச் சொன்னேனோ, அது ஒரு நாளும் பறிபோகவே இல்லை. மடியில் முடிந்திருந்த பணத்தோடு கோர்ட்டு மரத்தடியில் வெகு நேரம் நின்றிருந்தேன். அப்போதாவது உன்னிடம் வந்திருக்க வேண்டும். வரவில்லை.

இனிச் சொல்வதுதான் உனக்குத் தெரியாதது. அதற்குள் செக் கொடுத்து மூன்று வருஷம் தாண்டிவிட்டது. மூன்று வருஷத்துக்குள் வழக்குப் போட வேண்டும் என்பது கெடு. ஆனால் தெரியாமல் தப்பான கோர்ட்டில் நல்லெண்ணத்தோடு வழக்கு நடத்தியவனுக்கு, அந்தக் காலத்தைக் கழித்துக் கொடுக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. இந்தத் தடவை வக்கீல் வைத்தேன். அவர் அரியலூரில் நீ சொன்ன சாட்சியத்தின் நகலைக் கேட்டார். என்னிடம் தயாராக இருந்தது. உன் மேல் கேஸ் போடுவதற்காக நகல் ஸ்டாம்பு கட்டி வாங்கி வைத்திருந்தேன். அது இங்கிலீஷில் இருந்தது. நான் படித்ததில்லை. அவர் படித்துவிட்டு முகம் மலர்ந்தார். "ஐயா, உங்க மகன் உங்களுக்கு ஒரு கதவத் தொறந்து வெச்சுட்டுப் போயிருக்காரு" என்றார். "அப்படியானால் உன் தகப்பனார் பிராதில் எழுதியது பொய்யா?" என்று எதிர் வக்கீல் உன்னைக் கேட்டிருக்கிறார். நீ சொன்ன பதில்: "பொய்யின்னு சொல்லமாட்டேங்க. அப்பாவுக்கு வயசாச்சு, எத்தனையோ தடவ மண்டிக்குப் போயி வந்தாங்க, ஞாபகம் மாறியிருக்கும்."

நான் கத்திக்கொண்டிருந்த நேரத்தில் நீ அதைச் சொல்லியிருக்கிறாய்.

"ஜட்ஜு கேட்டா, ஆமாங்க, ஞாபகப் பிசகுன்னு ஒரு வார்த்த சொல்லுங்க, போதும்" என்று வக்கீல் கெஞ்சினார். எனக்கு ஆத்திரம் வந்தது. என் பிள்ளை என்னை நினைவு தப்பிய கிழவன் என்று கோர்ட்டில் பதிவு செய்துவிட்டான் என்று நினைத்தேன். கூண்டில் ஏறினேன். கேட்டார்கள். "எனக்கு ஞாபகப் பிசகு கிடையாது. எல்லாம் தெளிவாக ஞாபகம் இருக்கிறது" என்றேன். "அப்படியானால் தெரிந்தேதான் இடத்தை மாற்றி எழுதினீரா?" என்று கேட்டார்கள். நான் வாயைத் திறக்கவில்லை. அந்த மௌனத்தை அவர்கள் எழுதிக்கொண்டார்கள். நல்லெண்ணம் இல்லை, கெடு தாண்டியது, வழக்குத் தள்ளுபடி. மண்டிக்காரர் வெற்றிலை மென்றுகொண்டே வெளியே போனார். சட்டம் வழி தவறியவனை மன்னிக்கும். வழியை மாற்றி எழுதியவனை மன்னிக்காது. அது சரிதான். அன்று நான் ஞாபகப் பிசகு என்று சொல்லாதது உண்மையின் மேல் வைத்த ஆசையால் அல்ல. அதற்காக யாரும் என்னை மெச்ச வேண்டாம். வீம்பு, அவ்வளவுதான்.

தோற்றது என் பிடிவாதத்தால் என்று ஊரில் சொல்ல முடியுமா? நீ காசு வாங்கினாய் என்று சொன்னேன். முதல் தடவை சொல்லும்போது நாக்கு கொஞ்சம் தடுத்தது. நாலாவது தடவை சந்தையில் சொல்லும்போது, எவ்வளவு வாங்கினாய் என்றுகூடச் சொன்னேன். பிறகு அந்த நோட்டீஸையும் அனுப்பினேன்.

செட்டிகுளத்துக்காரர் எழுந்து போன பிறகு, உன் அம்மா அந்த மோர் டம்ளரை எடுக்க வந்தாள். அன்று அடுக்களையிலிருந்து வந்து சொன்னதற்குப் பிறகு இத்தனை வருஷமாக இந்த வழக்கைப் பற்றி அவள் வாயே திறக்கவில்லை. டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு, "நீங்க எளுதினத நீங்கதான் அடிக்கணும். வேற யாரும் அடிச்சா செல்லாது" என்றாள். அவள் எழுதப் படிக்கத் தெரியாதவள். அடித்தல் திருத்தல்களுக்கு எழுதியவனே கையெழுத்திட வேண்டும் என்ற விதி அவளுக்கு எப்படித் தெரியும் என்று கேட்டேன். "உங்க கூட இத்தன வருசம் வூட்டுல இருக்கறனே" என்றாள்.

ஆகவே அடிக்கிறேன். என் மகன் யாரிடமும் காலணா வாங்கவில்லை. கோர்ட்டில் அவன் சொன்ன இடம் நிஜம். நான் எழுதிய இடம் பொய். அவன் அன்று சொன்ன எல்லாவற்றிலும் ஒன்றே ஒன்றுதான் உண்மையல்ல. எனக்கு ஞாபகம் மாறவில்லை. அது மாறவில்லை என்று அவனுக்கும் தெரியும். என்னைக் காப்பாற்ற அதைச் சொன்னான். சாட்சிய நகலை இதோடு சேர்த்து வைத்திருக்கிறேன். உன்னைக் கூண்டில் ஏற்ற வாங்கிய காகிதம், உனக்குப் பெண் கொடுப்பவர் படிப்பதற்கு உதவட்டும்.

மண்டிக்காரர் விஷயத்தில் நான் ஒரு சொல்லையும் திரும்ப வாங்கவில்லை. அவர் ஏமாற்றியது ஏமாற்றியதுதான். நான் பொய் எழுதியதால் அவர் யோக்கியனாகிவிடமாட்டார். இன்றும் அந்த மண்டி வாசலைத் தாண்டினால் என் வயிறு எரிகிறது. அது என்னோடு இருக்கட்டும். உன் அம்மாவுக்குக் கல்யாணத்துக்கு என்று நீ காப்பு எதுவும் வாங்காதே. இந்த வருஷக் கடலையில் நானே வாங்கிப் போடுவேன். அதை நீ செய்தால் எனக்குக் கோபம் வரும். உனக்குக் கல்யாணமாகிப் பிள்ளைகள் பிறந்தால், உன் வழக்கு எதற்கும் அவர்களைச் சாட்சி வைக்காதே. அடுக்களையிலிருந்து உன் மனைவி வந்து ஒரு வார்த்தை சொன்னால், எழுந்து வெளியே போகாதே. என்னால் சொல்ல முடிந்தது இவ்வளவுதான். மன்னிப்பு என்ற சொல்லைப் பலமுறை எழுதிப் பார்த்தேன். என் கையெழுத்தில் அது பிராது மாதிரியே இருக்கிறது. நேரில் முகம் பார்த்துக் கேட்க முடியுமா என்று வாசலுக்கு வந்த பிறகுதான் தெரியும்.

தபாலில் போடாததற்குக் காரணம் சொல்கிறேன் என்றேன். தபாலில் போட்டால் எழுதிய ஊர் ஒன்று, கைமாறிய ஊர் ஒன்று என்றாகும். இதில் அந்த வழக்கு வேண்டாம். பள்ளிக்கூட மணி அடிக்கிறது, இங்கே கேட்கிறது. எழுந்து வருகிறேன்.

மேலே கண்ட சங்கதிகள் எல்லாம் நான் அறிந்த வரையில் நிஜம். எழுதிய இடம்: பெரம்பலூர் கடைத்தெருச் சத்திரம். கொடுத்த இடம்: பெரம்பலூரில் என் மகன் குடியிருக்கும் வீட்டு வாசல். வாங்கிக்கொள்பவர் அந்த இடத்திலேயே வைத்துப் படித்துச் சரிபார்த்துக்கொள்ளலாம்.

உன் அப்பா